ஒளியைப் பாடமாகக் கொண்ட மாயக் கல்விக்கூடம்: பாடத்திட்டம் எங்கே இடிக்கும்?

கதைத்திரி கேட்டது:

ஒளி ஒன்றை மட்டுமே பயிற்றுவிக்கும் ஒரு மாயக் கல்விக்கூடம். அதை வைத்து ஒரு தொடர்கதை. மாயம் என்று வருவது ஒரே இடத்தில்தான்: பயிற்சி பெற்றவர் தன் உள்ளங்கையிலிருந்து, நினைத்த நிறத்தில் ஒளி எழுப்பலாம். கையை விட்டுக் கிளம்பிய பிறகு அந்த ஒளிக்கு எந்தச் சலுகையும் கிடையாது. நிஜ ஒளி எப்படிப் போகுமோ அப்படியே போக வேண்டும். இந்தக் கட்டுப்பாடு இல்லாவிட்டால் பத்தாம் அத்தியாயத்துக்குள் எல்லாரும் எல்லாமும் செய்யத் தொடங்கிவிடுவார்கள், கதைக்கு முடிச்சே மிஞ்சாது.

வரைவில் இருப்பவை இவை. நுழைவுத் தேர்வு ஓர் இருட்டறையில்: சுவரில் சிறு துளை, எதிர்ச்சுவரில் வெளியுலகம் தலைகீழாகத் தெரிகிறது. முதலாண்டில் முப்பட்டக வகுப்பு. இரண்டாமாண்டில் ஒளியை ஆயுதமாக்கி இருவர் மோதும் போட்டி. மூன்றாமாண்டில் வெளிச்சத்தைச் சாடியில் அடைத்து வைப்பது, உடலை மறைத்துக்கொள்வது. கடைசியில் பட்டத் தேர்வு. அதற்கு இன்னும் ஒன்றும் தோன்றவில்லை.

அளவுகள் வேண்டும்: துளை எவ்வளவு, தூரம் எவ்வளவு, எந்தத் தவறு செய்தால் என்ன கெடும். ஒரு மாணவன் தேர்வில் தோற்றால் உருப்படியான காரணத்தோடு தோற்க வேண்டும்.

இருட்டறை பதில்:

துளைக்குப் போகும் முன் உள்ளங்கையின் வரவுசெலவை முடித்துவிடுங்கள். மற்ற எல்லாமே அதில்தான் நிற்கும்.

ஒரு வாட் ஒளி என்றால் எவ்வளவு வெளிச்சம் என்பது நிறத்தைப் பொறுத்தது. 555 நானோமீட்டர் அலைநீளப் பச்சையில் 1 வாட் 683 லூமென் (கண் உணரும் வெளிச்சத்தின் அலகு). ஒரு மெழுகுவத்தி ஏறக்குறைய 12 லூமென் என்று வைத்தால், பச்சைக் கை ஐம்பது மெழுகுவத்திக்கு மேல். அதே 1 வாட்டை 650 நானோமீட்டர் சிவப்பில் எழுப்பினால் சுமார் 73 லூமென், ஆறு மெழுகுவத்தி. 420 நானோமீட்டர் ஊதாவில் 3 லூமென்கூடத் தேறாது. ஒளியின் ஆற்றல் குறையவில்லை, நம் கண் அங்கே மந்தம், அவ்வளவுதான். ஆகவே புதுமாணவருக்குப் பச்சை எளிது, ஊதா மகா கடினம். ஊதா எழுப்புகிறவன் தனக்கு ஒன்றுமே வரவில்லை என்று நினைத்துக்கொள்ளக்கூடும், உண்மையில் வந்துகொண்டிருக்கும்.

விலை என்ன? உடலின் ஆற்றல் முழுக்க ஒளியாக மாறுகிறது என்று வைத்தால் மாயம் மலிந்துவிடும். 1 வாட் ஒளியை ஒரு மணி நேரம் எழுப்ப 3,600 ஜூல், ஒரு கிலோகலோரிக்கும் குறைவு. ஒரு வாய்ச் சோறு போதும். நூற்றில் ஒரு பங்குதான் ஒளியாகிறது, மீதி வெப்பம் என்று விதி வையுங்கள். அப்போது 1 வாட் ஒளிக்கு 99 வாட் வெப்பம். சும்மா உட்கார்ந்திருக்கும் மனித உடல் முழுவதும் வெளிவிடும் வெப்பமே சுமார் 100 வாட்தான். அத்தனையும் ஒரு உள்ளங்கையில் இறங்கினால் என்ன ஆகும் என்று விளக்க வேண்டியதில்லை. கை கொப்பளிப்பதுதான் உங்கள் கதையின் வேகத்தடை.

இனி துளை. எதிர்ச்சுவர் 3 மீட்டரில் இருந்தால் மிகக் கூர்மையான பிம்பம் தரும் துளையின் விட்டம் 2.5 மில்லிமீட்டர் அளவில் வரும். அதைவிடச் சிறிதாக்கினால் ஒளி விளிம்பில் வளைந்து பரவுவதால் பிம்பம் மறுபடி மங்கும். 'சிறிதாக ஆக ஆகக் கூர்மை' என்று எழுதிவிடாதீர்கள். ஆனால் தேர்வுக்கு 2.5 மில்லிமீட்டர் ஒத்துவராது. வெளியே நல்ல வெயில் அடித்தாலும் சுவரில் விழுவது 0.003 லக்ஸ் (ஒரு சதுர மீட்டரில் விழும் லூமென்) அளவுதான், முழுநிலவு வெளிச்சத்தில் நூற்றில் ஒரு பங்கு. வெயிலிலிருந்து உள்ளே வந்த மாணவனுக்குக் கால்மணி நேரம் ஒன்றுமே தெரியாது. அரைமணி நேரம் போனபின் நிறமில்லாத சாம்பல் நிழலாகத் தெரியும்.

15 மில்லிமீட்டர் துளை போட்டால் 0.1 லக்ஸ். விளிம்புகள் ஓர் அங்குலத்துக்கு உள்ளாகக் கலங்கும். ஆனாலும் 30 மீட்டர் தூரத்தில் நிற்கும் 10 மீட்டர் மரம் சுவரில் ஒரு மீட்டர் உயரத்துக்குத் தலைகீழாக வரும் என்பதால், கலங்கினாலும் மரம் மரம்தான். நிறத்தோடு பளிச்சென்று வேண்டுமானால் துளையை 5 சென்டிமீட்டர் ஆக்கி அதில் 0.5 டயாப்டர் (அதாவது 2 மீட்டர் குவியத் தூர) குவிலென்ஸ் ஒன்றைப் பொருத்தி, திரையை 2 மீட்டரில் தொங்கவிடுங்கள். 2.5 லக்ஸ் கிடைக்கும், 15 மில்லிமீட்டர் துளையைப் போல 25 மடங்கு. கெடுவது ஒன்றுண்டு: லென்ஸ் வந்ததும் திரை சரியான தூரத்தில் இருந்தாக வேண்டும். வெறும் துளைக்கு அந்தத் தொல்லை இல்லை.

தேர்வுக் கேள்விக்கு ஆயிரம் ஆண்டுக்கு முன்பே விடை இருக்கிறது. அரபு அறிஞர் இப்னு அல்-ஹைதம் பல விளக்குகளை வரிசையாக வைத்து, ஒரே துளை வழியாக உள்ளே விழும் புள்ளிகளைப் பார்த்தார். ஒரு விளக்கை மறைத்தால் அதற்கு நேரான புள்ளி மட்டும் மறையும், மற்றவை அப்படியே இருக்கும். உங்கள் கல்விக்கூடத்தில் வெளியே மூன்று பேர் சிவப்பு, பச்சை, நீலம் என்று கை உயர்த்தி நிற்கட்டும். உள்ளே கேள்வி: மூன்று ஒளியும் அந்தச் சின்னத் துளையில் ஒன்றையொன்று கடக்கின்றன, பிறகு ஏன் சுவரில் மூன்றும் தனித்தனியாக, வரிசை மாறி விழுகின்றன? ஒளி ஒளியை முட்டுவதில்லை என்று சொல்பவர் உள்ளே. இதை நன்றாக ஊன்றுங்கள், இரண்டாமாண்டு மோதலுக்கு இது கட்டாயம் தேவைப்படும்.

ஓர் உபகுறிப்பு. இருட்டறையில் ஆசிரியர் கையில் மங்கலான ஆழ்சிவப்பு இருக்கட்டும். மங்கலில் வேலை செய்யும் விழித்திரைச் செல்களுக்குச் சிவப்பு ஏறக்குறையத் தெரியாது, ஆகவே இருட்டுக்குப் பழகிய கண் கெடாது.

முப்பட்டகம் பதில்:

மேலே சொன்ன கணக்கோடு உடன்படுகிறேன். ஒன்று மட்டும்: 0.1 லக்ஸில் நிறம் அறவே தெரியாது என்றில்லை, வெளுத்துப்போய்த் தெரியும். கதைக்கு அதுவே அழகு.

முப்பட்டக வகுப்பைப் பலரும் தப்பாக எழுதுகிறார்கள். கண்ணாடியைச் சன்னலில் வைத்ததும் ஏழு பட்டை வானவில் சுவரில் அடித்துவிடாது. நியூட்டன் 1672-இல் வெளியான கட்டுரையில் சொன்ன அளவு: சன்னல் பலகையில் கால் அங்குலத் துளை, சுவர் 22 அடி தூரம், நிறமாலை 13¼ அங்குல நீளம், 2⅝ அங்குல அகலம். அந்த அகலம் துளையினுடையது அல்ல, சூரியனுடையது. சூரியன் வானில் அரைப் பாகைக்குச் சற்று மேல் அகலம் கொண்டது. 22 அடியில் அதன் வட்டமே இரண்டரை அங்குலம் வரும். ஒவ்வொரு நிறமும் அத்தனை பெரிய வட்டம், அவை ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கிடப்பதுதான் நீங்கள் பார்ப்பது. சுவர் அரை மீட்டரில் இருந்தாலோ துளை பெரிதாக இருந்தாலோ நடுவில் வெள்ளை, ஒரு ஓரத்தில் சிவப்பு, மறு ஓரத்தில் நீலம், இவ்வளவுதான் கிடைக்கும். மாணவன் 'பிரியவில்லை' என்பான். பிரிந்திருக்கிறது, விலகத்தான் இடம் போதவில்லை.

சாதாரண கிரவுன் கண்ணாடியில் 60 பாகை முப்பட்டகம் கற்றையை மொத்தமாக 39 பாகை திருப்பும். ஆழ்சிவப்புக்கும் ஊதாவுக்கும் இடைவெளி வெறும் ஒன்றரைப் பாகை, 3 மீட்டரில் 8 சென்டிமீட்டர். எப்படி நிறுத்துவது? முப்பட்டகத்தை மெல்ல ஒரே பக்கமாகத் திருகிக்கொண்டே சுவரைப் பாருங்கள். பட்டை ஒரு திசையில் நகரும், ஓரிடத்தில் நின்று தயங்கும், திருகலை நிறுத்தாவிட்டாலும் வந்த வழியே திரும்பும். தயங்கிய இடத்தில் முப்பட்டகத்தைப் பூட்டிவிட வேண்டும். கை கொஞ்சம் ஆடினாலும் பட்டை நகராத ஒரே நிலை அதுதான்.

வெயிலை வைத்துச் செய்தால் இன்னொரு சங்கடம். சூரியன் நிமிடத்துக்குக் கால் பாகை நகர்கிறது. 22 அடி தூரச் சுவரில் பட்டை நிமிடத்துக்கு ஏறக்குறைய 3 சென்டிமீட்டர் ஓடும். குறி போட்ட கோட்டை விட்டுப் பச்சை போய் மஞ்சள் வந்து நிற்கும். கடிகாரப் பொறியால் திரும்பும் கண்ணாடி வேண்டும், அல்லது யாராவது ஒருவர் கண்ணாடியைப் பிடித்துத் திருப்பிக்கொண்டே இருக்க வேண்டும். முதலாண்டு மாணவர்களுக்குத் தண்டனை வேலையாக இது பொருந்தும்.

உள்ளங்கையை ஒளிமூலமாக வைத்தால் சூரியத் தொல்லை இல்லை, ஆனால் கை மிக அகலம். 1 மில்லிமீட்டர் அகலப் பிளவுக்குப் பின்னால் கையை வைத்து, பிளவிலிருந்து 21.4 சென்டிமீட்டரில் 20 சென்டிமீட்டர் குவியத் தூர லென்ஸ், லென்ஸை ஒட்டினாற்போல் முப்பட்டகம், 3 மீட்டரில் சுவர். பிளவின் பிம்பம் 14 மடங்கு பெருகி 14 மில்லிமீட்டர் அகலமாக விழும். 8 சென்டிமீட்டர் நிறமாலையில் ஆறு திட்டுகள்தான் அடங்கும். பிளவை அரை மில்லிமீட்டர் ஆக்கினால் பன்னிரண்டு, வெளிச்சம் பாதி. ஏழு நிறம் என்று எழுதினால் நியூட்டன் வழியில் போகிறீர்கள். அவர் இசைச் சுரங்களோடு பொருத்தி ஏழாக்கினார். சுவரில் கோடு எதுவும் கிழித்திருக்காது.

இனிதான் சுவையான பகுதி. 'நினைத்த நிறம்' என்றீர்கள். வெள்ளை எழுப்பச் சொன்னால் சோம்பேறி மாணவன் என்ன செய்வான்? 480 அருகே ஒரு நீலம், 580 அருகே ஒரு மஞ்சள், இரண்டை மட்டும் சரியான விகிதத்தில் கலப்பான். கண்ணுக்கு அசல் வெள்ளை. வெள்ளைத் தாளில் பார்த்தால் ஆசிரியரே ஏமாறுவார். முப்பட்டகத்தில் விட்டால் இரண்டே கோடு, நடுவில் இருட்டு. முப்பட்டகமும் வேண்டாம், ஒரு சிவப்புத் துணியைக் காட்டினால் போதும். எதிரொளிக்கச் சிவப்பே இல்லாததால் துணி அழுக்குப் பழுப்பாகச் செத்துக் கிடக்கும். கள்ள வெள்ளை! இதை வைத்து ஓர் அத்தியாயம் முழுக்க ஓட்டலாம்.

பிரித்ததைச் சேர்ப்பதும் வகுப்பில் இருக்கட்டும். நிறமாலை விழும் இடத்தில் பெரிய குவிலென்ஸ் வைத்தால் நிறங்கள் மறுபடி ஓரிடத்தில் கூடி வெள்ளையாகும். லென்ஸுக்கு முன்னால் ஒரு குச்சியால் பச்சையை மட்டும் தடுத்தால் அந்த வெள்ளை கருஞ்சிவப்புக் கலந்த இளஞ்சிவப்பாக மாறும். குச்சியை நகர்த்த நகர்த்த நிறம் மாறிக்கொண்டே போகும்.

எதிரொலியன் பதில்:

மோதல் பற்றி மட்டும், சுருக்கமாக.

ஒளியைப் பார்த்து விலக முடியாது. 10 மீட்டரைக் கடக்க அதற்கு 33 நானோ வினாடி, மனிதன் அசைய 0.2 வினாடி. அதைவிட முக்கியம், அது வருவது தெரிகிறது என்றாலே வந்து பட்டுவிட்டது என்று பொருள். குனிவது, தாவுவது, ஒளியை ஒளியால் தட்டிவிடுவது எல்லாவற்றையும் கதையிலிருந்து வெட்டிவிடுங்கள். முன்கூட்டியே எழுப்பிய தடுப்பு ஒன்றுதான் காப்பு.

பக்கவாட்டில் நிற்பவருக்குக் கற்றை தெரியாது. தூசியோ புகையோ இருந்தால்தான் தெரியும். பார்வையாளருக்கு வேடிக்கை வேண்டும் என்று களத்தில் புகை போட்டால் ஒளி சிதறி எட்டும் தூரம் குறையும். இந்த இழுபறி கதைக்கு ஆகும். மெல்லிய புகையில் நீலம் சிவப்பைப் போல நாலு மடங்குக்கு மேல் சிதறும் (450, 650 நானோமீட்டருக்கு 4.35 மடங்கு). அதனால் நீலம் எழுப்புபவன் எங்கே நிற்கிறான் என்று காட்டிக் கொடுத்துவிடும். சிவப்பு ஊடுருவிப் போகும். புகைத்துகள் பருத்துப் பனிமூட்டம் போலானால் இந்த வித்தியாசம் போய்விடும், எல்லா நிறமும் ஒரே மாதிரி வெளுக்கும்.

உள்ளங்கை ஒளி எரிக்குமா? எரிக்காது, எந்த லென்ஸ் போட்டாலும். 80 சதுர சென்டிமீட்டர் கையில் 1 வாட் சீராகப் பரவிக் கிளம்பினால் சதுர மீட்டருக்கு 125 வாட். லென்ஸால் அந்தப் பரப்பின் பிரகாசத்தைத் தாண்ட முடியாது, அதிகபட்சம் அதே 125-தான். வெயிலே சதுர மீட்டருக்குச் சுமார் 1,000 வாட். பூதக்கண்ணாடியால் வெயிலில் தாள் பற்றுவது எப்படி என்று கேட்பீர்கள். மூலத்தின் பரப்பில், அதாவது சூரியனில், அது சதுர மீட்டருக்கு 6 கோடி வாட்டுக்கு மேல். நிலவொளியைக் குவித்து நெருப்பு மூட்ட முடியாததும் இதே காரணத்தால்தான்.

கண்ணாடிகளைக் கூட்டி வெயிலால் எரிக்கலாம். பிரெஞ்சு அறிஞர் பூஃபோன் 1747-இல் 168 தட்டைக் கண்ணாடிகளை ஒரு சட்டத்தில் பொருத்தித் தூரத்து மரக்கட்டையைப் பற்றவைத்தார். ஆனால் தட்டைக் கண்ணாடி அனுப்பும் சூரிய வட்டம் தூரத்தில் 107-இல் ஒரு பங்கு விரியும்: 50 மீட்டரில் 47 சென்டிமீட்டர். ஓடுகிறவன்மேல் அதைப் பிடித்து நிறுத்த முடியாது. ஆகவே உங்கள் போட்டியில் வெற்றி என்பது கண்ணைக் கூசச் செய்வது மட்டுமே. அதுவே போதும். கை ஒளியைக் கம்பி போல மெலிந்த இணைக்கற்றையாக அனுப்பலாம் என்று மட்டும் விதியைத் தளர்த்திவிடாதீர்கள். அது லேசர். 5 மில்லிவாட்டுக்கு மேலே போனாலே கண்ணுக்கு ஆபத்து, 1 வாட்டில் முதல் போட்டியிலேயே ஒருவர் நிரந்தரமாகக் குருடாவார்.

காப்புக்கு மூன்று தட்டைக் கண்ணாடிகளைச் செங்கோணத்தில் ஒரு மூலையாகச் சேர்த்துக் கேடயமாக்குங்கள். முன்னால் எந்தப் பக்கமிருந்து ஒளி வந்தாலும் அனுப்பியவனிடமே திரும்பும். நிலவில் 1969-இல் வைத்தது இந்த வகைதான், நூறு கண்ணாடி மூலைகள். செங்கோணம் பிசகினால் குறி தப்பும்: இரண்டு கண்ணாடிக்கு இடையே ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு தவறு இருந்தால், திரும்பும் ஒளி அதைப்போல இரு மடங்கு விலகும், 100 மீட்டரில் 6 சென்டிமீட்டர். மரச்சட்டம் ஈரத்தில் உப்பினாலே அவ்வளவு பிசகும்.

கதைத்திரி:

கள்ள வெள்ளையும் மூலைக் கேடயமும் கதைக்குள் போய்விட்டன. எரிக்கும் காட்சியை வெட்டியாயிற்று. சாடியும் மறைதலும் தேறுமா?

நின்றொளி பதில்:

ஒளியை ஒளியாகவே அடைக்க முடியாது. வெயில் நேராக அடிக்கும் இடத்தில் ஒரு லிட்டர் காற்றுக்குள் எந்த நொடியிலும் இருக்கும் ஒளி ஆற்றல் 3.3 நானோ ஜூல். மூடியைச் சட்டென்று அடைத்தாலும் அவ்வளவுதான் அகப்படும். அதுவும் தங்காது. உட்புறம் நூற்றுக்கு 95 எதிரொளிக்கும் வெள்ளிப் பூச்சு, சாடி 10 சென்டிமீட்டர் என்றால் இருபது முறை மோதுவதற்குள் பெரும்பகுதி போய்விடும், மொத்தம் 7 நானோ வினாடி. ஆயிரத்தில் ஒன்று மட்டுமே இழக்கும் கண்ணாடி போட்டாலும் ஒரு மைக்ரோ வினாடியில் மூன்றில் ஒரு பங்கு நேரம்தான் தங்கும்.

ஆனால் ஒளியைப் பொருளில் ஏற்றி வைக்கலாம், நின்றொளிரும் பொடிகளில். 1603 வாக்கில் இத்தாலியின் பொலோனியாவில் கஷ்யரோலோ என்ற செருப்புத் தைப்பவர் ஒரு கனமான கல்லைக் கரியோடு சுட்டெடுத்தார். வெயில் காட்டியபின் அது இருட்டில் கனன்றது. பேரியம் சல்ஃபைடு. இப்போது கிடைப்பதில் சிறந்தது யூரோப்பியமும் டிஸ்ப்ரோசியமும் சேர்த்த ஸ்ட்ரான்சியம் அலுமினேட். 520 நானோமீட்டர் பச்சையில் மணிக்கணக்காக ஒளிரும்.

இருட்டறை சொன்ன மட்டமான ஊதா இங்கேதான் கைகொடுக்கிறது. இந்தப் பொடி ஊதாவிலும் நீலத்திலும் ஏறும், சிவப்பில் எவ்வளவு நேரம் காட்டினாலும் ஏறாது. வகுப்பில் எல்லாரும் ஏளனம் செய்யும் ஊதா மாணவன்தான் சாடி நிரப்புவதில் முதல்வன்.

செய்முறை: சாடி முழுக்கப் பொடியைக் கொட்டுவது வீண். வெளி அடுக்கே ஊதாவை விழுங்கிவிடும், உள்ளே இருப்பது ஏறாமல் கிடக்கும். தெளிந்த பிசினில் எடைக்குக் கால் பங்கு பொடியைக் கலந்து சாடியின் உட்சுவரில் ஒரு மில்லிமீட்டர் கனத்துக்குப் பூசுங்கள். பொடி பிசினைவிட மூன்று மடங்கு கனம், ஆகவே பிசின் இறுகும்வரை சாடியை உருட்டிக்கொண்டே இருக்க வேண்டும். உருட்டாவிட்டால் அடியில் வண்டலாகத் தங்கி, அடி மட்டும் ஒளிரும். பொடியை மிக நுண்மையாக அரைத்தால் வெளிச்சம் குறையும், கொஞ்சம் பருபருவென்று இருக்கட்டும். பிசின் இல்லாமல் பொடியாகவே வைத்தால் ஈரம் பட்டுச் சிதைந்து வெளுத்த களிம்பாகிவிடும்.

ஒளி தேயும் விதம் ஏறக்குறைய நேரத்துக்கு நேர்மாறு. பத்தாவது நிமிடத்தில் இருந்ததில் பத்தில் ஒன்றுதான் நூறாவது நிமிடத்தில். எடுத்த உடனே பிரமாதமாக இருக்கும், சுரங்கத்துக்குள் போய்ச் சேர்வதற்குள் ஏமாற்றும். ஏறிய சாடியை நன்றாகக் குளிர்வித்தால் ஒளி மங்கி உள்ளேயே உறையும். பிறகு வெந்நீரில் இறக்கினால் தேக்கியதெல்லாம் மொத்தமாகப் பளீரென்று வெளியே வரும். சாடியைப் பனியில் சுமந்து போய், வேண்டிய இடத்தில் சூடுபடுத்துவது கதைக்கு நல்ல உத்தி. சாடி உடைந்தால் என்ன என்று வாசகர் கேட்பார்: ஒன்றும் ஆகாது, துண்டு துண்டாக ஒளிரும்.

மறைதல் வேறு சங்கதி. கண்ணாடிக் குச்சி காற்றில் ஏன் தெரிகிறது? ஒளிவிலகல் எண் (பொருளுக்குள் ஒளி எவ்வளவு வளையும் என்பதன் அளவு) மாறும் ஒவ்வொரு பரப்பிலும் நூற்றுக்கு நாலு எதிரொளிப்பதால், வளைப்பதால். போரோசிலிக்கேட் கண்ணாடிக் குச்சியைக் கிளிசரினில் இறக்கினால் இரண்டுக்கும் எண் 1.47 அளவு என்பதால் குச்சி காணாமல் போகும். சாதாரண சன்னல் கண்ணாடிக்கு எண் 1.52, அது மறையாது. குச்சியில் ஒட்டிய ஒரு காற்றுக்குமிழி போதும், குட்டு வெளிப்பட. திரவம் சூடேறினாலும் எண் இறங்கி, விளிம்பு ஒரு மயிரிழையாக மறுபடி தெரியும்.

உடலுக்கு வந்தால் இடிப்பது கண். பார்க்க வேண்டுமானால் விழித்திரை ஒளியை விழுங்க வேண்டும். முழுக்க ஒளிபுகும் மனிதன் குருடன். அதோடு கண்ணின் லென்ஸுக்கு எண் காற்றைப் போலவே ஆகிவிட்டால் எதுவும் குவியாது. சரி, விழிகளை மட்டும் விட்டுவிடுவோம் என்றால், விழிக்கோளத்தின் சுவர் பக்க ஒளியை மறைத்தே ஆக வேண்டும். பாவையை மட்டும் விட்டுவைத்தால் முதுகுப்புறத்து வெளிச்சமெல்லாம் உள்ளே புகுந்து காட்சியைக் கழுவிவிடும். எனவே 24 மில்லிமீட்டர் விட்டத்தில் இரண்டு உருண்டைகள் ஆளுயரத்தில் மிதக்கும். சாதாரணக் கண்ணுக்குப் பிரித்தறியும் எல்லை ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு. அந்தக் கணக்கில் 80 மீட்டர் தூரம்வரை உருண்டைகள் பிடிபடும். இமையை மூடியும் பயனில்லை, இமையும் ஒளிபுகும்.

ஆனால் உங்கள் விதிப்படி மாயம் ஒளி எழுப்புவது மட்டும்தானே? உடலை ஒளிபுகச் செய்வது இரண்டாவது மாயம். வெட்டிவிடுங்கள். பதிலுக்கு 45 பாகையில் சாய்த்த பெரிய கண்ணாடித் தகடு வையுங்கள். மறைவறையில் நிற்பவர்மேல் வெளிச்சம் விழுந்தால் அவர் அரங்கின் நடுவே ஆவியாகத் தோன்றுவார், வெளிச்சம் நின்றால் மறைவார். லண்டன் மேடையில் 1862-இல் டர்க்ஸும் பெப்பரும் காட்டியது இதுதான். 45 பாகையில் கண்ணாடியின் இரு முகமும் சேர்ந்து எதிரொளிப்பது நூற்றுக்குப் பத்து. ஆகவே மறைவில் நிற்பவர்மேல் அரங்கைப் போல ஒன்பது, பத்து மடங்கு வெளிச்சம் வேண்டும். கண்ணாடி 6 மில்லிமீட்டர் கனமாக இருந்தால் முன்முகம், பின்முகம் இரண்டும் தனித்தனிப் பிம்பம் தந்து ஆவிக்கு நாலரை மில்லிமீட்டர் விலகிய இரட்டை விளிம்பு இருக்கும். முன்வரிசையில் உட்கார்ந்த கூர்க்கண்காரன் அதிலேயே பிடித்துவிடுவான்.

கருஞ்சுடர் பதில்:

பட்டத் தேர்வுக்கு ஒன்று சொல்கிறேன். கறுப்பு நெருப்பு.

சாராய விளக்கின் சுடரில் உப்புப் போட்டால் மஞ்சளாக எரியும். அது சோடியத்தின் நிறம், 589.0, 589.6 நானோமீட்டரில் நெருங்கிய இரண்டு கோடுகள். அந்தச் சுடருக்குப் பின்னால் அதே இரண்டு கோடுகளை மட்டும் வீசும் பெரிய ஒளிப்பரப்பு இருந்தால் சுடர் கறுப்பாகத் தெரியும், புகைபோல் நெளியும் கருந்தீ. சுடரிலுள்ள சோடிய அணுக்கள் பின்னிருந்து வரும் ஒளியைப் பிடித்து எல்லாத் திக்கிலும் இறைத்துவிடுகின்றன. உங்கள் கண்ணுக்கு நேராக வர வேண்டியது குறைந்துபோகிறது. நிஜத்தில் இதைத் தாழ்வழுத்த சோடியம் விளக்கின்முன் செய்கிறார்கள். உயர்வழுத்த விளக்கில் வராது, அதன் ஒளி அகலப் பரவியது, சரியாக அந்தக் கோடுகள் இருக்கும் இடத்தில்தான் அதில் இருட்டு. மஞ்சள் எல்இடியிலும் வராது.

கல்விக்கூடத்தில் விளக்குக்குப் பதில் மாணவனின் கை. கண்ணுக்கு எல்லா மஞ்சளும் ஒன்றுதான். சிவப்பும் பச்சையும் கலந்த மஞ்சளும் மஞ்சளே. சுடர் ஏமாறாது. அந்த இரண்டு சோடியக் கோடுகளுக்கும் நடுவே 589.3 எழுப்பினால்கூடக் கறுக்காது. சூரிய நிறமாலையில் ஃபிராவுன்ஹோஃபர் 1814-இல் 500-க்கு மேற்பட்ட கருங்கோடுகளைக் குறித்தாரே, அவற்றுள் இந்த இரட்டைக் கோடும் ஒன்று. காரணத்தைக் கிர்க்ஹோஃப் 1859-இல் சொன்னார், இதே சுடர் வழியாகத்தான்.

கண்பார்வையைச் சோதிக்காமல் அறிவைச் சோதிக்க இன்னொன்றும் உண்டு. ஒரே திசையில் அதிரும் ஒளியை மட்டும் விடும் போலராய்டு தாள்கள் இரண்டைக் குறுக்காக வைத்தால் ஒளி அடைபடும். மூன்றாவது தாளை 45 பாகையில் நடுவே செருகினால், தடுப்பு ஒன்று கூடியும், எட்டில் ஒரு பங்கு ஒளி வெளியே வரும். முன்னாலோ பின்னாலோ வைத்தால் வராது, நடுவில்தான். போலராய்டு இல்லாத காலம் என்றால், கண்ணாடித் தகடுகள் பத்தை அடுக்கி ஒளி 57 பாகையில் விழும்படி சாய்த்தால் ஓரளவு அதே வேலை செய்யும்.

கதைத்திரி:

கருந்தீயே பட்டத் தேர்வு. ஒரு சந்தேகம்: மாணவன் சரியாக எழுப்பியும் சுடர் கறுக்காமல் போக வழி உண்டா? ஒருவன் அநியாயமாகத் தோற்க வேண்டும்.

கருஞ்சுடர்:

உண்டு, மூன்று வழி. கூடத்தில் வேறு வெளிச்சம் இருந்தால் சுடர் அதில் பழையபடி தெரியும். சன்னலில் ஒரு கீற்று விட்டுப்போனாலே போதும். கை ஒளியைவிடச் சுடரின் சொந்த ஒளி அதிகமாக இருந்தாலும் கறுப்பு நிரம்பிவிடும். கை பின்னணியை முழுக்க மூட வேண்டும், சுடர் சிறிதாக இருக்க வேண்டும். மூன்றாவது உப்பு. கல்லுப்பை அப்படியே போட்டால் உள்ளிருக்கும் ஈரம் வெடித்துத் தெறிக்கும், சுடர் விட்டு விட்டுத்தான் கறுக்கும். செறிந்த உப்புநீரில் நனைத்துக் காயவைத்த கம்பியைச் சுடரின் வெளியோரத்தில் பிடிக்க வேண்டும்; நடுவில் பிடித்தால் சூடு போதாது. கம்பியைத் தயாரித்துக் கொடுப்பவன் உப்புக்குப் பதில் பொட்டாசியம் குளோரைடு கரைசலில் நனைத்துவிட்டால் சுடர் வெளிறிய ஊதாவாக எரியும், சோடியம் கலப்படம் இருந்தால் லேசாக மஞ்சளும் காட்டும். அந்தச் சுடர் மாணவன் எவ்வளவு சரியாக எழுப்பினாலும் நன்றாகக் கறுக்காது. கம்பியைப் பார்த்தால் எதுவும் தெரியாது, இரண்டு உப்பும் காய்ந்தபின் ஒரே வெள்ளை.